தனக்கான வேடத்தைத் தானே எழுதிக்கொண்டவர்: ஜோசியான் பலாஸ்கோ

பாரிஸின் பழைய அடுக்குமாடிக் கட்டடங்களில் வாசல் கதவைத் தாண்டியதும் தரைத்தளத்தில் ஒரு சின்ன அறை இருக்கும். கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் பெண்மணி அங்கே குடியிருப்பார். கோன்சியெர்ஜ் என்று அவரைச் சொல்வார்கள். கடிதங்களைப் பிரித்துக் கொடுப்பது, படிக்கட்டைத் துடைப்பது, குப்பைத் தொட்டியை வெளியே வைப்பது, யார் வருகிறார் யார் போகிறார் என்று கவனிப்பது எல்லாம் அவர் வேலை. பிரெஞ்சு நகைச்சுவை நாடகங்களிலும் படங்களிலும் இந்தப் பெண் காலங்காலமாக உண்டு. கனத்த உடம்பு, வீட்டுச் செருப்பு, வம்புக்கு அலையும் வாய். இரண்டு காட்சியில் வந்து சிரிக்க வைத்துவிட்டு உள்ளே போய்விடுவார். அவருடைய அறைக்குள் என்ன இருக்கிறது என்று கதை எட்டிப் பார்க்காது.

2009இல் வந்த ‘லெ எரிசோன்’ (முள்ளெலி) படம் அந்த அறைக்குள் போனது. முரியேல் பார்பெரியின் நாவலைத் தழுவி மோனா அஷாஷ் இயக்கிய படம் அது. அதில் வரும் ரெனே மிஷேல் பார்வைக்கு அசல் கோன்சியெர்ஜ்தான். சிடுசிடுப்பும் தளர்ந்த நடையும் ஊரார் எதிர்பார்க்கிறபடியே இருக்கும். ஆனால் உள்ளறையில் கூரை வரைக்கும் புத்தகங்கள். அவர் வளர்க்கும் பூனையின் பெயர் லெயோன், தல்ஸ்தோயின் நினைவாக. தான் படிக்கிறவள் என்பது மேல்மாடிப் பணக்காரர்களுக்குத் தெரிந்துவிடக் கூடாது என்று அந்தப் பெண் தன்னை ஒளித்துக்கொள்கிறாள்.

ரெனேவாக நடித்தவர் பிரெஞ்சு நடிகையும் எழுத்தாளருமான ஜோசியான் பலாஸ்கோ. அந்த வேடத்துக்கு அவரைவிடப் பொருத்தமான ஆள் பிரான்ஸில் இருந்திருக்க முடியாது என்பது என் எண்ணம். தோற்றம் பொருந்தியதைச் சொல்லவில்லை. தோற்றத்தைப் பார்த்து உலகம் கையில் திணிக்கிற வேடத்துக்கும் உள்ளே இருக்கிற ஆளுக்கும் இடையிலான தூரத்தை அந்த நேரத்தில் அவர் முப்பது வருடங்களுக்கு மேலாக நடந்து கடந்திருந்தார். அவர் நடந்த வழியும் வித்தியாசமானது. நல்ல வேடம் யாராவது தரட்டும் என்று காத்திருக்காமல், வேண்டியதைத் தானே எழுதிக்கொண்டார்.

1950 ஏப்ரல் 15 அன்று பாரிஸில் பிறந்தவர். இயற்பெயர் ஜோசியான் பலாஷ்கோவிச். தந்தை குரோவேஷியாவிலிருந்து வந்தவர், தாய் பிரெஞ்சுக்காரர். இருவரும் கஃபே நடத்தினார்கள். கஃபே என்றால் காபிக் கடை மட்டும் இல்லை. காலையில் வேலைக்குப் போகிறவர் நின்றபடி காபி குடிப்பார், மத்தியானம் சாப்பாடு நடக்கும், சாயங்காலம் ஒயினும் அரட்டையும். பலாஸ்கோ பிற்பாடு எழுதிய வசனங்களில் சாதாரணப் பாரிஸ்காரர்களின் வாய்மொழி, கெட்ட வார்த்தைகள் உட்பட, அப்படியே காதில் விழும். அது புத்தகத்தில் படித்து வருகிற மொழி இல்லை.

நடிப்பு கற்கப் போனது தானியா பலஷோவாவின் பள்ளிக்கு. ரஷ்யாவில் பிறந்து பாரிஸில் நிலைத்த ஆசிரியை. டெல்ஃபீன் செய்ரிக், ஜான் லூயி த்ரென்தினியான் போன்ற பெரிய பெயர்கள் அவரிடம் படித்தவர்கள்தான். பலாஸ்கோவைக் கோமாளித்தனத்தால் மேலே வந்தவராக நினைக்கிறவர்களுக்கு இந்தத் தகவல் உதவும். ஆழமான பாத்திரங்களுக்கான பயிற்சி தொடக்கத்திலேயே அவருக்கு இருந்தது. அதைப் பயன்படுத்திக்கொள்ளத்தான் சினிமாவுக்கு ரொம்ப நாள் ஆனது.

அவர் நடிக்க வந்த 1970களில் பிரெஞ்சு நகைச்சுவை மேடை என்றால் பெரும்பாலும் ‘பூல்வார்’ நாடகம்தான். பாரிஸின் அகலமான பூல்வார் சாலைகளில் இருந்த தனியார் அரங்குகளால் வந்த பெயர். சிவப்பு வெல்வெட் இருக்கை, வசதியான வீட்டின் வரவேற்பறை, கணவன், மனைவி, கள்ளக்காதலர், அலமாரிக்குள் ஒளிந்திருக்கும் ஒருவர், தப்பான நேரத்தில் திறக்கும் கதவு. நாடக ஆசிரியர் ஃபெய்தோ காலத்திலிருந்து வருகிற சட்டகம் இது. இதில் பெண்களுக்கு உயரமான இடமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஜாக்லின் மய்யான் என்ற மகா நடிகை தனியாளாக ஓர் அரங்கையே நிரப்பினார். ஆனால் அந்த உலகத்தில் நாயகி என்பவள் பணக்கார வீட்டு அம்மாள். குட்டையாக, பருமனாக, தெருக்காரர் மாதிரிப் பேசுகிற இருபத்தைந்து வயதுப் பெண்ணுக்கு வேலைக்காரி வேடம் கிடைக்கும். கொஞ்சம் வயதானால் கோன்சியெர்ஜ்.

இந்தச் சட்டகத்துக்கு வெளியே வேறொன்று முளைத்துக்கொண்டிருந்தது. அதன் பெயர் கஃபே-தெயாத்ர். மாணவர்களும் தொழிலாளர்களும் நடத்திய 1968 மே மாதக் கிளர்ச்சிக்குப் பிந்தைய சூட்டில், பழைய பட்டறைகளிலும் கிடங்குகளிலும் இளைஞர்கள் சின்னச் சின்ன அரங்குகள் திறந்தார்கள். 1969இல் ரொமேன் பூத்தேய், கொலூஷ், மியூ மியூ, பாத்ரிக் தெவேர் முதலானோர் தொடங்கிய ‘கஃபே த லா கார்’ இதில் முன்னோடி. பெரிய முதலாளி கிடையாது, நட்சத்திரம் கிடையாது. பார்க்க வருகிறவர்கள் நடிகரின் மூச்சு கேட்கிற தூரத்தில் உட்கார்ந்திருப்பார்கள்.

நோயி என்ற வசதியான புறநகரில் ஒரே பள்ளியில் படித்த நான்கு நண்பர்கள் மிஷேல் பிளாங், ஜெரார் ஜுன்யோ, கிறிஸ்தியான் கிளாவியே, தியேரி லெர்மித். இவர்கள் தொடங்கிய குழுதான் ‘ஸ்ப்ளாந்தித்’. மரி ஆன் ஷாசெலும் புரூனோ முவானோவும் சேர்ந்தார்கள். வேறொரு நடிகை விலகிய இடத்தில் பலாஸ்கோ வந்தார். இன்று பிரெஞ்சுக்காரர்கள் ஸ்ப்ளாந்தித் என்று சொன்னால் இந்த ஏழு பேரைத்தான் சொல்கிறார்கள்.

இந்தக் குழு வேலை செய்த விதம் முக்கியம். மோம்பார்னாஸ் பக்கம் கிடைத்த முதல் இடத்தை அவர்களே சுத்தியும் ஆணியுமாக அரங்காக மாற்றினார்கள். நாடகங்களையும் எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்து எழுதினார்கள். இப்படிப்பட்ட இடத்தில் ‘உன் முகத்துக்கு இந்த வேடம்தான்’ என்று முடிவு பண்ண மேலே ஆள் இல்லை. நல்ல வேடம் வேண்டுமா, மேஜையில் உட்கார்ந்து எழுது, மற்ற ஆறு பேரைச் சிரிக்க வை. பலாஸ்கோவுக்குள் இருந்த எழுத்தாளர் உருவானது இந்த மேஜையில்தான். அவர் வழக்கமான முறையில் நடிப்புத் தேர்வுகளுக்கு மட்டும் அலைந்துகொண்டிருந்திருந்தால், 1976இல் இயக்குநர் போலன்ஸ்கியின் ‘லெ லொகதேர்’ படத்தில் வந்த மாதிரியான துக்கடா வேடங்களிலேயே காலம் ஓடியிருக்கும்.

1977இல் குழு ஒரு விடுமுறை முகாமை வைத்து நாடகம் போட்டது. கிளப் மெதித்தெரானே என்ற நிறுவனம் நடத்திய கடற்கரை முகாம்கள் அந்த நாளில் பிரெஞ்சு நடுத்தர வர்க்கத்தின் கனவு. அந்தக் கனவைக் கலாய்த்த நாடகத்தை இயக்குநர் பத்ரீஸ் லெகோந்த் ‘லே புரோன்சே’ (வெயிலில் கறுத்தவர்கள்) என்று 1978இல் படமாக்கினார். ஐவரி கோஸ்ட் கடற்கரையில் எடுத்தது. அடுத்த வருடமே பனிச்சறுக்கு மலையில் இரண்டாம் பாகம். பலாஸ்கோ செய்த நத்தாலி, ஜுன்யோ செய்த பெர்னாரின் மனைவி. சுதந்திரமான தம்பதி என்று காட்டிக்கொள்ள ஆசை, உள்ளுக்குள் எரிச்சல். அந்த எரிச்சலை பலாஸ்கோ கத்திக் காட்டுவதில்லை. முகம் அசையாது, குரல் தட்டையாக இருக்கும், கண் மட்டும் ஒரு நொடி கூடுதலாக நிற்கும். சிரிப்பைக் கேட்டு வாங்காத இந்த நடிப்பு கடைசி வரை அவருடையதாக இருந்தது.

1982இல் ‘லெ பேர் நோயெல் எ தூன் ஒர்தியூர்’ வந்தது. தலைப்பு ‘கிறிஸ்துமஸ் தாத்தா ஓர் அயோக்கியன்’ என்கிற மாதிரி வரும். பாரிஸ் மெட்ரோவில் சுவரொட்டி ஒட்டக்கூட விடவில்லை. கிறிஸ்துமஸ் இரவில், மனமுடைந்தவர்களுக்குத் தொலைபேசியில் ஆறுதல் சொல்லும் ஓர் அலுவலகத்தில் நடக்கிற கதை. அங்கே வேலை பார்க்கும் மதாம் முஸ்கேன்தான் பலாஸ்கோ. படத்தின் பெரும்பகுதியில் லிப்டில் மாட்டிக்கொண்டு கிடப்பார். சின்ன வேடம், ஆனாலும் பிரான்ஸில் இன்றைக்கும் மதாம் முஸ்கேன் என்றால் சட்டென்று புரிந்துகொள்வார்கள். இந்தப் படங்கள் தியேட்டரில் ஓடியதைவிடத் தொலைக்காட்சியில் திரும்பத் திரும்ப ஓடித்தான் தேசத்தின் மனப்பாடம் ஆயின. 2006இல் பழைய கூட்டம் மூன்றாம் ‘புரோன்சே’வுக்குத் திரும்பியபோது பிரான்ஸில் 1 கோடிக்கும் அதிகமான டிக்கெட்டுகள் விற்றன. அது மூன்றில் பலவீனமான படம்தான். மக்கள் போனது பழைய சிநேகிதர்களைப் பார்க்க.

குழுவின் புகழ் போதும் என்று பலாஸ்கோ நின்றுவிடவில்லை. ஸ்ப்ளாந்தித் படங்கள் ஓடிக்கொண்டிருந்த அதே நேரத்தில் தனியாகவும் எழுத ஆரம்பித்தார். 1981இல் ஜான் மரி புவாரே இயக்கத்தில் ‘லே ஸோம் பிரெஃபேர் லே கிரோஸ்’ படத்தைச் சேர்ந்து எழுதி நாயகியாக நடித்தார். ‘ஆண்களுக்குக் குண்டுப் பெண்களைத்தான் பிடிக்கும்’ என்று அர்த்தம். மர்லின் மன்றோவின் ஒரு புகழ்பெற்ற படத்துக்குப் பிரெஞ்சில் வைத்த பெயரில் ‘பொன்னிறக் கூந்தல்காரி’ இருந்த இடத்தில் ‘குண்டுப் பெண்’ வந்து உட்கார்ந்தாள். காதலன் கைவிட்ட ஒருத்தி, வாடகையைப் பகிர்ந்துகொள்ள ஒரு பெண்ணைத் தேடுகிறாள். வந்து சேர்வது அழகான மாடல். பருமனைக் கேலி செய்யும் படமாக வேறு யாராவது இதை எடுத்திருப்பார்கள். இங்கே அந்தப் பருமனான பெண்ணின் கண்ணால் நாம் உலகத்தைப் பார்க்கிறோம். அவளும் ஆசைப்படுகிறாள், பொறாமைப்படுகிறாள், கோபப்படுகிறாள். கேமரா யார் பக்கம் நிற்கிறது என்பதில்தான் எல்லாம் மாறுகிறது.

1983இல் அதே புவாரே எடுத்த ‘பாப்பி ஃபே த லா ரெசிஸ்தான்ஸ்’ படத்தில் ஜாக்லின் மய்யானும் ஸ்ப்ளாந்தித் ஆட்களும் சேர்ந்து வருகிறார்கள். பூல்வார் மகாராணியும் அந்த பூல்வாரை உடைக்க வந்த பிள்ளைகளும் ஒரே படத்தில். பிரெஞ்சு நகைச்சுவையின் கைமாற்றத்தை ஓர் இடத்தில் பார்க்க விரும்புகிறவர்களுக்கு இதைச் சொல்லுவேன்.

அப்புறம் 1985. அந்த ஒரு வருடத்தில் இரண்டு காரியங்கள். ஒன்று, ‘சாக் த நே’ மூலம் இயக்குநரானார். இசபெல் யுப்பேரும் கொலூஷும் நடித்த படம். இன்னொன்று, ‘நுயி திவ்ரெஸ்’ (போதை இரவு) என்ற நாடகம். அதற்குள் குழு பாரிஸ் 10ஆம் வட்டாரத்தில் ஃபோபூர் சேன் மார்த்தேன் தெருவில் பெரிய அரங்குக்கு மாறியிருந்தது. (பாரிஸ்வாழ் தமிழர்களுக்கு நன்றாகத் தெரிந்த லா ஷப்பல் கடைவீதியிலிருந்து நடந்தே போய்விடலாம்.) நாடகத்தில் கிட்டத்தட்ட இரண்டே பேர். தொலைக்காட்சிப் புதிர் நிகழ்ச்சி நடத்தும் கர்வக்காரர் ஒருவர், சிறையிலிருந்து அன்றைக்குத்தான் வெளிவந்த பெண் ஒருத்தி. ரயில் நிலையத்துக்குப் பக்கத்துக் குடிக்கடையில் சந்தித்து இரவு முழுக்கச் சேர்ந்து குடிக்கிறார்கள். பலாஸ்கோவுக்கு ஜோடியாக மேடையில் நின்றவர் மிஷேல் பிளாங். மறுவருடம் வந்த படத்தில் லெர்மித். குடித்தவர்களை மேடையில் காட்டுவது சுலபமான சிரிப்பு. போதை ஏற ஏற இருவருக்கும் நடுவிலிருந்த வர்க்க வேலி இறங்குவதை எழுதியது பலாஸ்கோவின் கெட்டிக்காரத்தனம்.

அவரை எழுத்தாளராக யோசிக்கிறபோது ‘லெக்ஸ் ஃபாம் த மா வி’ (என் வாழ்வின் முன்னாள் மனைவி) நாடகமும் நினைவுக்கு வரவேண்டும். 1988இல் அதே அரங்கில் ஜேன் பிர்கினையும் லெர்மித்தையும் நடிக்க வைத்தார். தனக்கு வேடம் வேண்டும் என்று எழுதத் தொடங்கியவர், இப்போது வேறொரு பெண்ணுக்கு எழுதிக்கொடுத்தார்.

அடுத்த வருடம் பெர்த்ராந் பிளியேவின் ‘த்ரோ பெல் பூர் துவா’ (உனக்கு மீறிய அழகி) வந்தது. பலாஸ்கோவின் வாழ்க்கையில் மிக முக்கியமான படம் இது என்று நினைக்கிறேன், அவர் எழுதாத படமாக இருந்தாலும். ஜெரார் தெபார்தியு கார் விற்பனை முதலாளி. அவர் மனைவி கரோல் பூக்கே, விளம்பரப் பலகையிலிருந்து இறங்கி வந்த மாதிரி அழகு. அலுவலகத்துக்குத் தற்காலிகமாக ஒரு செயலாளர் வருகிறார். அது பலாஸ்கோ. முதலாளி அந்தச் செயலாளர்மேல் பைத்தியமாகிறார். பூல்வார் நாடகத்தின் முக்கோணம்தான், ஆனால் தலைகீழ். யாரும் திரும்பிப் பார்க்காத பெண் காதலி, எல்லாரும் திரும்பிப் பார்க்கிற பெண் ஏமாற்றப்பட்ட மனைவி. பின்னால் ஷுபெர்ட்டின் இசை விடாமல் ஒலிக்கிறது.

இந்தப் படத்தில் பலாஸ்கோவைப் பார்த்துச் சிரிப்பதற்கான வாய்ப்பு ஒவ்வொரு காட்சியிலும் இருக்கிறது. சிரிப்பு வராது. அந்தப் பெண் தனக்குக் கிடைத்த சந்தோஷத்தைச் சந்தேகப்படாமல் வாங்கிக்கொள்கிற விதம் அப்படி. 1989 கான் திரைப்பட விழாவில் படம் நடுவர் குழுவின் சிறப்பு விருதைப் பெற்றது. பிரான்ஸின் தேசியத் திரைப்பட விருதான செசாரின் மறுவருட விழாவில் சிறந்த படம். சிறந்த நடிகைப் பிரிவில் பூக்கேயும் பலாஸ்கோவும் ஒரே படத்துக்காக எதிரெதிரே நின்றார்கள், விருது பூக்கேக்குப் போனது. பூக்கேயின் நடிப்பைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. கடினமான வேலை பலாஸ்கோவுடையது என்றுதான் எனக்கு இன்னும் தோன்றுகிறது.

அந்த முக்கோணத்தை ஆறு வருடம் கழித்து அவரே கையில் எடுத்தார். ‘காஸோன் மொதி’, 1995 பிப்ரவரியில் வெளியானது. நேரடி அர்த்தம் ‘சபிக்கப்பட்ட புல்தரை’, பேச்சுவழக்கில் பெண்ணும் பெண்ணும் உறவுகொள்வதைக் குறிக்கும் கொச்சை. தெற்கு பிரான்ஸில் லொரான் என்ற வீட்டுமனைத் தரகர், மனைவி லோலி, இரண்டு குழந்தைகள். லொரான் ஊரெல்லாம் பெண்களோடு சுற்றுகிறவர். மரிஜோ என்ற பெண்ணின் வேன் அவர்கள் வீட்டு வாசலில் பழுதாகி நிற்கிறது. மரிஜோவும் லோலியும் காதல் கொள்கிறார்கள். கணவனின் துரோகம் தெரிந்த லோலி, கணவனையும் விடாமல் காதலியையும் விடாமல் வாரத்தின் இரவுகளைப் பங்கு போடுகிறாள். கணவனாக அலென் ஷபா, லோலியாக விக்தோரியா அப்ரில், மரிஜோவாக பலாஸ்கோ.

காலத்தையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். ஒருபாலினத்தவருக்கு மட்டும் வேறு வயது வரம்பு விதித்த சட்டம் பிரான்ஸில் நீங்கியது 1982இல்தான். ஒருபாலினத் தம்பதிகளும் பதிவுசெய்துகொள்ளக்கூடிய ‘பாக்ஸ்’ ஒப்பந்தம் 1999இல் வந்தது, திருமணம் 2013இல். அதாவது சட்டத்தில் அந்த உறவுக்குப் பெயரே இல்லாத நேரத்தில், குடும்பத்தோடு போகும் ஞாயிற்றுக்கிழமைப் படமாக அதைக் கொண்டுவந்தார். கிட்டத்தட்ட 40 லட்சம் பேர் பார்த்தார்கள். படத்தில் முட்டாளாகத் தெரிவது மரிஜோ அல்ல, லொரான். காதலிக்கும் பெண்களைப் பார்த்துச் சிரிக்கலாம் என்று வந்த கூட்டம் கணவனைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனது. மரிஜோவின் ஆண்தனமான தோற்றம் ஒரு வார்ப்பு என்றும், முடிவு கணவனுக்குச் சலுகை காட்டுகிறது என்றும் விமர்சனங்கள் எழுந்தன. அதில் நியாயம் இருக்கிறது. ஆனாலும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்: மரிஜோ படத்தில் விரும்பப்படுகிறாள். பரிதாபமோ பயமோ கலக்காத விருப்பம். சிறந்த திரைக்கதைக்கான செசார் பலாஸ்கோவுக்கும் உடன் எழுதிய தெல்ஷ் பூர்மனுக்கும் கிடைத்தது. அதாவது அவருடைய முதல் செசார் நடிப்புக்கு வரவில்லை, எழுத்துக்கு வந்தது.

2000இல், ஐம்பது வயதுகூட நிறையாத நிலையில், கௌரவ செசார் கொடுத்தார்கள். பிரான்ஸில் நகைச்சுவைக்காரர்களுக்கு இது வழக்கமான பாதை. லூயி த ஃப்யூனேஸுக்கும் 1980இல் கௌரவ விருதுதான். ஒரு பாத்திரத்தைக் குறிப்பிட்டுச் சிறந்த நடிப்பு என்று சொல்லத் தயங்கும் கை, மொத்தமாக மாலை போடத் தயங்குவதில்லை. பலாஸ்கோவுக்கு நடுவர்கள் செய்தது எனக்குக் குறையாகவே படுகிறது. 2003இல் கியோம் நிக்லூவின் ‘செத் ஃபாம் லா’ படத்தில் குழந்தையைப் பறிகொடுத்த காவல்துறை அதிகாரியாக, சிரிப்பின் நிழல்கூட இல்லாமல், இருட்டில் நடந்தார். பரிந்துரை வந்தது, விருது வரவில்லை. பிரான்சுவா ஓஸோன் எடுத்த ‘கிராஸ் ஆ தியு’ (கடவுள் அருளால்) லியோனில் ஒரு பாதிரியாரால் சிறுவயதில் பாதிக்கப்பட்ட ஆண்களைப் பற்றியது. அதில் மகன் பக்கம் நிற்கும் தாய் வேடம். மறுபடி பரிந்துரை, மறுபடி வெறுங்கை.

எழுதுகிறவர் என்ற இடம் கிடைத்த பிறகும் கதவுகள் தானாகத் திறக்கவில்லை. ஐம்பது வயதுப் பெண் பணம் கொடுத்து இளைஞனின் துணையைப் பெறுகிறாள் என்று ஒரு கதை எழுதினார். ஆண்கள் இதைச் செய்யும் படங்கள் எத்தனையோ உண்டு. இதற்குப் பணம் போட ஆள் கிடைக்கவில்லை. சரி என்று அதை நாவலாக்கி 2004இல் வெளியிட்டார். நாவல் வந்த பிறகு வழி பிறந்தது. 2008இல் நத்தாலி பே நாயகியாக ‘கிளியான்த்’ (வாடிக்கையாளர்) படம் வந்தது. ‘காஸோன் மொதி’க்குப் பதின்மூன்று வருடம் கழித்தும், கிட்டத்தட்ட 40 லட்சம் டிக்கெட் விற்றுக் காட்டிய இயக்குநருக்கும், ஒரு பெண்ணின் ஆசையைக் கதையாக விற்பது இவ்வளவு கஷ்டமாக இருந்திருக்கிறது.

மேடையையும் விடவில்லை. ‘அன் கிரான் கிரி தமூர்’ (காதலின் பெரும் கூக்குரல்) 1996இல் மிஷோதியேர் அரங்கில் நடந்தது. ஒரு காலத்தில் ஜோடியாகவும் காதலர்களாகவும் இருந்து பிரிந்த இரண்டு நடிகர்கள் மறுபடி சேர்ந்து நடிக்க வேண்டி வருகிற கதை, கூட நடித்தவர் ரிஷார் பெரி. இருபது வருடம் கழித்து எழுத்தாளர் சிமோன் த பொவ்வாரின் ‘லா ஃபாம் ரோம்ப்யு’வைத் (உடைந்துபோன பெண்) தனியொருவராக மேடையில் நடித்தார். சிரிப்பு மேடையில் சம்பாதித்த பெயரை நம்பி டிக்கெட் வாங்கி வந்தவர்கள், கசப்பும் வலியும் மட்டுமே உள்ள ஒரு பெண்ணின் தனிப்பேச்சைக் கேட்டுவிட்டுப் போனார்கள். மேடைக்கு வெளியிலும் அவர் சும்மா இருந்தவர் இல்லை. வீடற்றவர்களுக்காகப் போராடும் ‘துருவா ஓ லொழ்மான்’ அமைப்போடு பல வருடங்கள் தெருவில் நின்றிருக்கிறார்.

2021இல் செசார் மேடை ஸ்ப்ளாந்தித் குழுவுக்குக் கூட்டாக ஆண்டுவிழா விருது கொடுத்தது. பட்டறையில் ஆணியடித்துத் தொடங்கியவர்களுக்கு அப்போது ஏறக்குறைய எழுபது வயது.

2024 அக்டோபர் 2 அன்று ஓஸோனின் ‘கான் வியான் லோதோன்’ (இலையுதிர்காலம் வரும்போது) பிரான்ஸில் வெளியானது. பர்கண்டி கிராமத்தில் இரண்டு வயதான சிநேகிதிகள், காட்டில் காளான் பறிக்கிறார்கள். ஒருவர் எலேன் வேன்சான். இன்னொருவர் பலாஸ்கோ, சிறையிலிருந்து வெளிவரும் மகனுக்குத் தாய். ‘நுயி திவ்ரெஸ்’ காலத்தில் சிறை மீண்ட பெண்ணாக மேடையில் நின்றவர், இப்போது சிறை மீளும் பிள்ளைக்காகக் காத்திருக்கிறார். படம் வந்து இரண்டு நாள் கழித்து மிஷேல் பிளாங் இறந்த செய்தி வந்தது. 1985இல் அந்தக் குடிக்கடை மேஜையில் அவருக்கு எதிரே உட்கார்ந்திருந்தவர்.